ஒரே ஊரில் எத்தனை சபை? – லெஸ்லி நியூபிகினைக் கிள்ளானில் வாசித்தல்

டி. எஸ். எலியட்டை நம்மில் பலர் ‘பாழ்நிலம்’ எழுதிய கவிஞராகத்தான் அறிவோம். அதே எலியட் 1943-இல், உலகப்போரின் நடுவில், தென்னிந்தியக் கிறிஸ்தவர்களைப் பற்றி ஒரு சிறு வெளியீடு எழுதினார். ‘ரீயூனியன் பை டிஸ்ட்ரக்‌ஷன்’ என்பது அதன் பெயர். ‘அழித்து ஒன்றுசேர்த்தல்’ என்று தமிழில் சொல்லலாம். தென்னிந்தியாவில் ஆங்கிலிக்கன், மெதடிஸ்ட், பிரஸ்பிட்டேரியன், காங்கிரிகேஷனல் சபைகளை ஒரே திருச்சபையாக இணைக்கும் திட்டத்துக்கு எதிராக எழுதப்பட்டது அது. மதுரையிலும் திருநெல்வேலியிலும் யார் யாரோடு சேர்ந்து திருவிருந்து எடுக்கிறார்கள் என்பதில், லண்டனில் இருந்த ஒரு கவிஞருக்கு ஏன் அவ்வளவு கவலை?

இந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனால் வந்து நிற்கும் இடம் லெஸ்லி நியூபிகின். எலியட் எதிர்த்த அந்த இணைப்பின் வழியாகவே பேராயர் ஆனவர் அவர். அந்த அனுபவத்திலிருந்து அவர் எழுதிய ‘தி ஹவுஸ்ஹோல்ட் ஆஃப் காட்’ (1953), திருச்சபை என்றால் என்ன என்று கேட்டு எழுதப்பட்ட இருபதாம் நூற்றாண்டு நூல்களில் முக்கியமான ஒன்று. தலைப்பு எபேசியருக்கு எழுதிய நிருபத்திலிருந்து வருவது. தமிழ் வேதாகமத்தில் அது ‘தேவனுடைய வீட்டார்’. ஆங்கிலத்தைவிடத் தமிழே இங்கு தெளிவாக இருக்கிறது. வீடு வேறு, வீட்டார் வேறு. “சர்ச்சுக்குப் போறேன்” என்று நாம் சொல்லும்போது மனசில் வருவது கட்டடம். நியூபிகின் பேசுவது அந்தக் கட்டடத்துக்குள் யார் யார் வீட்டார் என்பதைப் பற்றி.

இந்த இதழை வாசிப்பவர்களில் பெரும்பாலோர் கிறிஸ்தவர்கள் இல்லை என்பது தெரியும். அப்படியிருக்க இறையியல் நூலைப் பற்றி இங்கே எதற்கு? ஒரு கூட்டம் எதனால் கூட்டமாகிறது? ஒரே கருத்தை நம்புவதாலா, பரம்பரையாக வந்த தொடர்ச்சியாலா, உள்ளே ஓடும் உயிராலா? மலேசியத் தமிழர்களாகிய நாம் சங்கம் அமைக்கிறோம், அதிலிருந்து பிரிந்து இன்னொரு சங்கம் அமைக்கிறோம், பிறகு ஒற்றுமை இல்லையே என்று மேடையில் வருந்துகிறோம். ஆனால் ஒற்றுமை என்பதற்கு யார் எதைக் கொடுக்க வேண்டும் என்று உட்கார்ந்து யோசித்த நூல்கள் நம்மிடம் குறைவு. நியூபிகினின் நூல் அந்த வகையைச் சேர்ந்தது.

பேராயர் இல்லாத மரபிலிருந்து ஒரு பேராயர்

நியூபிகின் 1909-இல் நியூகாஸிலில் பிறந்த ஆங்கிலேயர். ஸ்காட்லாந்துத் திருச்சபையின் மிஷனரியாக 1936-இல் சென்னைக்கு வந்தார். தமிழை முறையாகக் கற்றார். காஞ்சிபுரத்தில் பணியாற்றியபோது அங்கிருந்த ராமகிருஷ்ண மடத்துத் துறவிகளோடு தரையில் அமர்ந்து உபநிடதத்தையும் யோவான் சுவிசேஷத்தையும் மாறிமாறி வாசித்த பழக்கத்தைப் பின்னாளில் எழுதியிருக்கிறார். 1947 செப்டம்பர் 27 அன்று, இந்தியா விடுதலை அடைந்து ஆறு வாரங்கள் கழித்து, சென்னை செயின்ட் ஜார்ஜ் பேராலயத்தில் தென்னிந்தியத் திருச்சபை பிறந்தது. அதன் மதுரை–ராமநாதபுரம் பேராயராக நியூபிகின் பொறுப்பேற்றார். அப்போது அவருக்கு வயது 37. அவர் வந்தது பேராயர் பதவியே இல்லாத பிரஸ்பிட்டேரியன் மரபிலிருந்து என்பதைக் கவனிக்க வேண்டும்.

அந்த இணைப்புக்கான பேச்சு 1919-இல் தரங்கம்பாடியில் தொடங்கியது. முடிய 28 ஆண்டுகள் ஆயின. இழுபறிக்குக் காரணம் ஒரே கேள்வி. ஆங்கிலிக்கன் சபையில் பேராயர் கைவைத்து அபிஷேகம் செய்தால்தான் ஒருவர் குரு. மற்றச் சபைகளின் போதகர்கள் அப்படி அபிஷேகம் பெற்றவர்கள் இல்லை. இணையும்போது அவர்களுக்கு மறுபடியும் அபிஷேகம் செய்ய வேண்டுமா? எலியட் சேர்ந்திருந்த ஆங்கிலோ-கத்தோலிக்கத் தரப்புக்கு அப்போஸ்தலர் காலத்திலிருந்து கைமாறி வந்த அந்தத் தொடர்ச்சி திருச்சபையின் சாரம். அதைத் தளர்த்திவிட்டு இணைந்தால் இணைப்பே பொய்யாகிவிடும் என்பது அவர்கள் அச்சம்.

தென்னிந்தியத் திருச்சபை எடுத்த முடிவு வேறு. இனிமேல் அபிஷேகம் பெறுகிறவர்கள் பேராயர் கையால் பெறட்டும். ஏற்கெனவே போதகர்களாக இருப்பவர்கள் இருந்தபடியே ஏற்றுக்கொள்ளப்படுவார்கள். மறு அபிஷேகம் கிடையாது. மெதடிஸ்டுகளும் பிரஸ்பிட்டேரியர்களும் பேராயர் முறையை ஏற்றார்கள். ஆங்கிலிக்கன்கள் பேராயர் கைபடாத போதகர்களை ஏற்றார்கள். எல்லாரும் எதையோ கொடுத்தார்கள். நேற்றுவரை நான் இருந்தது திருச்சபையே இல்லை என்று சொல்லும்படி யாரும் கட்டாயப்படுத்தப்படவில்லை.

இந்தக் கடைசி வரியில்தான் நியூபிகினின் இறையியல் முழுவதும் இருக்கிறது என்பது என் வாசிப்பு.

மூன்று பதில்கள், ஒரு சாலை

1952-இல் கிளாஸ்கோவில் நிகழ்த்திய உரைகள்தான் அடுத்த ஆண்டு நூலாயின. திருச்சபை என்றால் என்ன என்ற கேள்வி இப்போது ஏன் எழுகிறது என்று தொடக்கத்திலேயே விளக்குகிறார். ஐரோப்பாவில் ஊரே கிறிஸ்தவ ஊராக இருந்த காலத்தில் அந்தக் கேள்விக்கு அவசியம் இருக்கவில்லை. பிறந்தவன் எல்லாம் சபையான். அந்த ஐரோப்பா சிதைந்துகொண்டிருந்தது. இன்னொரு பக்கம், ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் பிற சமயத்தார் நடுவே சிறு கூட்டமாக வாழும் சபைகள் உருவாகியிருந்தன. அவர்கள் தினமும் பதில் சொல்லியாக வேண்டும்: நீங்கள் யார், எதனால் வேறு? மூன்றாவதாக, பிரிந்த சபைகளை ஒன்றுசேர்க்கும் இயக்கம் வளர்ந்துகொண்டிருந்தது.

பதில்களும் மூன்று. புராட்டஸ்டன்ட் பதில்: சுவிசேஷத்தைக் கேட்டு விசுவாசிக்கிறவர்களின் கூட்டமே திருச்சபை. கத்தோலிக்கப் பதில்: வரலாற்றில் அறுபடாமல் வரும் ஓர் உடலில், அதன் அருட்சாதனங்கள் வழியாகப் பங்கெடுப்பதே திருச்சபை. பெந்தெகொஸ்தே பதில்: பரிசுத்த ஆவி இப்போது, இங்கே அனுபவமாகச் செயல்படும் கூட்டமே திருச்சபை. பெரிய சபைகள் பெந்தெகொஸ்தேக்காரர்களை மதிக்காத காலத்தில், அவர்களை மூன்றாவது மரபாகச் சமமாக உட்காரவைத்தது நியூபிகினின் துணிச்சல். இம்மூன்றில் எது சரி என்று அவர் தீர்ப்புச் சொல்வதில்லை. மூன்றும் வேண்டும், தனியாக எடுத்தால் மூன்றும் கோணலாகும் என்கிறார். விசுவாசம் மட்டும் என்றால் திருச்சபை கருத்துகளின் கட்சியாகிவிடும். தொடர்ச்சி மட்டும் என்றால் உயிர் போன நிறுவனம். அனுபவம் மட்டும் என்றால் இன்று உணர்ச்சி, நாளை இன்னொரு பிரிவு.

இதை விளங்கிக்கொள்ள நாம் மதுரைக்குப் போக வேண்டியதில்லை. கிள்ளான் ஜாலான் தெங்கு கிளானாவில், பூக்கடைகளும் புடவைக்கடைகளும் நிறைந்த லிட்டில் இந்தியாவை ஒட்டி, 1928-இல் கட்டிய லூர்து மாதா ஆலயம் இருக்கிறது. பள்ளிகளின் வழியாக மெதடிஸ்ட் என்ற பெயர் இந்த ஊரில் எல்லா மதத்தவருக்கும் தெரியும். பிரிக்ஃபீல்ட்ஸ் போனால், தமிழ்நாட்டிலிருந்து வந்த லுத்தரன்களின் மரபில் வந்த சியோன் பேராலயம். பிறகு எண்ணி முடியாத கடைவீட்டுச் சபைகள். கீழே டயர் கடை, மேலே ஆராதனை. ஞாயிறு காலையில் டிரம்ஸ் சத்தம் தெருவுக்குக் கேட்கும். நியூபிகினின் மூன்று அத்தியாயங்களையும் அரை நாளில் காரில் சுற்றிப் பார்த்துவிடலாம். ஒவ்வொன்றும் மற்றதில் ஒரு குறையைச் சரியாகவே சுட்டிக்காட்டும். “அங்க உயிரே இல்ல” என்பார்கள் மாடியில். “அது நேத்து முளைச்சது” என்பார்கள் கீழே.

வகைப்பாடு என்ற முறையில் இது கொஞ்சம் நேர்த்தியாகத்தான் இருக்கிறது. எந்த மரபும் ஒரே பதிலில் வாழ்வதில்லை. கடைவீட்டுச் சபையிலும் பாஸ்டர் பதவி அப்பாவிடமிருந்து மகனுக்குப் போகும். அதுவும் ஒரு தொடர்ச்சிதான். மூன்றில் பெந்தெகொஸ்தே அத்தியாயம் மற்ற இரண்டையும்விட வெளியிலிருந்து பார்த்து எழுதியதாகத் தெரிகிறது. ஆனால் நூலின் பலம் இந்த வகைப்பாட்டில் இல்லை, அதற்கு அடியில் ஓடும் வாதத்தில் இருக்கிறது.

கட்டியபின் போடும் வரைபடம்

நான் பொறியாளன். உள்ளூர்ப் பல்கலைக்கழகத்தில் படித்து, இப்போது ஆலை ஒன்றில் பராமரிப்பு வேலை. எந்தக் குழாயைத் தொடுவதற்கு முன்னும் நாங்கள் முதலில் கேட்பது ‘அஸ்-பில்ட்’ வரைபடத்தை. வடிவமைத்தபோது போட்ட வரைபடம் அழகாக இருக்கும். கட்டும்போது குழாய் எங்கே வளைந்தது, எந்த வால்வு இடம் மாறியது என்பது அதில் இருக்காது. அதை நம்பி வெட்டினால் ஆளுக்கே ஆபத்து. உண்மையில் கட்டப்பட்டது எப்படி இருக்கிறதோ அதை அளந்து போடுவதுதான் ‘அஸ்-பில்ட்’.

திருச்சபை பற்றிய எழுத்தில் பெரும்பகுதி முதல் வகை. ஒன்று, தூய்மையானது, பரிசுத்தமானது என்று இலட்சிய வரைபடம் போட்டுவிட்டு, கண்முன் இருக்கும் சபை அதற்குப் பொருந்தாதபோது ‘கண்ணுக்குத் தெரியாத திருச்சபை’ என்ற ஒன்றைச் சொல்லித் தப்பித்துக்கொள்வார்கள். நியூபிகின் அந்த வாசலை மூடிவிடுகிறார். இயேசு விட்டுச்சென்றது ஒரு புத்தகத்தையோ தத்துவ முறையையோ அல்ல, பெயரும் முகமும் உள்ள ஒரு மனிதக் கூட்டத்தை என்பது அவர் நிலை. ஆகவே திருச்சபை என்றால் இந்த ஊரில், இந்தக் கூரைக்குக் கீழே, இப்படிச் சண்டை போட்டுக்கொண்டிருக்கும் இந்த ஆட்கள்தான். அளப்பதென்றால் இதைத்தான் அளக்க வேண்டும்.

அப்படி அளந்தால் என்ன கிடைக்கும்? குறை கிடைக்கும். இங்கேதான் ஆங்கிலோ-கத்தோலிக்கர்களுக்கு அவர் தரும் பதில் வருகிறது. இணைப்பை நியாயப்படுத்தி எழுதிய ‘தி ரீயூனியன் ஆஃப் தி சர்ச்’ (1948) நூலிலும் இதுவே அடிப்படை. தொடர்ச்சி திருச்சபையின் சாரம் என்கிறீர்களா, சரி. ஒற்றுமையும் சாரம்தானே? பிரிந்து கிடக்கிற எந்தச் சபையும் அந்தச் சாரத்தை இழந்த சபைதானே? ஆனாலும் கடவுள் உங்களைக் கைவிடவில்லை என்று நம்புகிறீர்கள். அதே கருணை அடுத்தவனுக்கும் இருக்காதா? ஆக, எந்தச் சபையும் தன் கையிலிருக்கும் பத்திரத்தைக் காட்டித் திருச்சபையாக நிற்கவில்லை. எல்லாச் சபைகளும் இரக்கத்தால் நிற்கின்றன. தான் இரக்கத்தால் நிற்கிறோம் என்று தெரிந்தவன், அடுத்தவனிடம் பத்திரம் கேட்க முடியாது.

மறு அபிஷேகம் இல்லை என்ற முடிவின் வேர் இதுதான். அது நிர்வாகச் சமரசமாகத் தெரிந்தாலும் உள்ளே ஓர் இறையியல் இருந்தது.

‘கண்ணுக்குத் தெரியும் கூட்டம்’ என்பதில் அவர் காட்டிய பிடிவாதத்துக்கு இந்தியாவுக்குள்ளேயே எதிர்ப்பு இருந்தது. 1938-இல் தாம்பரத்தில் உலக மிஷனரி மாநாடு நடந்தபோது, பி. செஞ்சையாவும் வி. சக்கரையும் அவர்கள் நண்பர்களும் ‘ரீதிங்க்கிங் கிறிஸ்டியானிட்டி இன் இந்தியா’ என்ற தொகுப்பை வெளியிட்டார்கள். மேற்கிலிருந்து இறக்குமதியான திருச்சபை என்ற அமைப்பு இந்தியனுக்கு எதற்கு என்பது செஞ்சையாவின் கேள்வி. எழுபதுகளின் தொடக்கத்தில் எம். எம். தாமஸ் வேறு கோணத்திலிருந்து கேட்டார்: ஒருவர் இந்து சமூகத்துக்குள் இருந்தபடியே கிறிஸ்துவை மையமாகக் கொண்டு வாழ முடியாதா? இருவருக்கும் நடந்த எழுத்து விவாதத்தில் நியூபிகின் விட்டுக்கொடுக்கவில்லை. ஒரு பற்றுறுதி உண்மையானது என்றால் அது மனிதர்களுக்கிடையே ஏதோ ஒரு உருவத்தை எடுத்தே தீரும் என்றார்.

என் வயதுக்காரர்களுக்கு தாமஸ் பக்கம்தான் சட்டென்று பிடிக்கும். “எனக்கு நம்பிக்கை இருக்கு, அமைப்புதான் வேண்டாம்” என்பது நம் காலத்தின் பொதுவாக்கு. ஆனால் நியூபிகின் சொல்வதில் ஒரு கசப்பான உண்மை இருக்கிறது. கண்ணுக்குத் தெரியாத கூட்டம் என்னிடம் எதையும் கேட்பதில்லை. எனக்குப் பிடிக்காத ஆளின் பக்கத்தில் அது என்னை உட்காரவைப்பதில்லை. செஞ்சையா கேட்டதும் தாமஸ் கேட்டதும் நியாயமான கேள்விகள்தான். ஆனால் அவற்றின் இன்றைய மலிவுப் பதிப்பு, யாருக்கும் கடன்படாத தனிமையாகத்தான் முடிகிறது.

ஊர் எங்கே இருக்கிறது?

1961-இல் புதுதில்லியில் கூடிய உலகத் திருச்சபைகள் மன்றம் ஒற்றுமைக்கு ஒரு விளக்கம் தந்தது. ஒவ்வோர் இடத்திலும் திருமுழுக்குப் பெற்ற எல்லாரும் ஒரே கூட்டமாக, ஒரே அப்பத்தில் பங்குபெற்று வாழ்வதே ஒற்றுமை என்பது அதன் சாரம். அந்த வாசகத்துக்குப் பின்னால் நியூபிகினின் கை உண்டு. பல ஊர்க்காரர்கள் விரும்பிச் சேரும் மன்றமாக அவர் திருச்சபையைப் பார்க்கவில்லை. ஒரு ஊருக்கு ஒரு வீட்டார்.

இதற்கு நேர் எதிர்த் திசையில் டொனால்ட் மெக்காவ்ரன் வந்தார். மத்திய இந்தியாவில் மிஷனரியாக இருந்தவர். இனம், மொழி, வர்க்கம் என்ற வேலிகளைத் தாண்ட வைக்காமல் அந்தந்தக் கூட்டத்தை அந்தந்தக் கூட்டமாகவே சேர்த்தால் சபை வேகமாக வளரும் என்பது அவர் கொள்கை. நியூபிகின் ‘தி ஓப்பன் சீக்ரெட்’ (1978) நூலில் இதைக் கடுமையாக விமர்சித்தார். ஒரே மாதிரி ஆட்கள் மட்டும் கூடுமிடம் வளரலாம், ஆனால் எதற்குச் சாட்சியாக வளர்கிறது?

இப்போது நம் ஊரைப் பாருங்கள். மலேசிய மெதடிஸ்ட் திருச்சபையின் ஆண்டு மாநாடுகளே பெரும்பாலும் மொழிவாரியாகப் பிரிந்தவை. ஆங்கிலத்துக்கு ஒன்று, சீனத்துக்கு ஒன்று, தமிழுக்கு ஒன்று, சரவாக்கில் ஈபானுக்கு ஒன்று. வேறு சபைகளிலும் ஒரே கட்டடத்தில் மணிக்கணக்குப் பார்த்து மொழிக்கு ஒரு ஆராதனை. நியூபிகினின் அளவுகோலால் பார்த்தால் நாம் மெக்காவ்ரனின் பிள்ளைகள். அவ்வளவு எளிதாகத் தீர்ப்பு எழுதிவிடலாமா? எனக்கு இங்கே நியூபிகினோடு உடன்பாடில்லை.

அவர் மனசில் இருக்கும் ‘இடம்’ ராமநாதபுரத்துக் கிராமம். அங்கே இடம் என்பது கேள்வியே இல்லாமல் கிடைத்த ஒன்று. ஊரும் சேரியும் இருக்கும், குளம் இருக்கும், யார் எங்கே குடியிருக்கிறார்கள் என்பது தலைமுறைகளாகத் தெரியும். கிள்ளான் பள்ளத்தாக்கில் இடம் அப்படி நிற்பதில்லை. ஷா ஆலம் எழுந்தது சுங்கை ரெங்காம் தோட்டத்தின் மேல். புத்ராஜெயா எழுந்தது பெராங் பெசார் தோட்டத்தின் மேல். தோட்டத்தில் லயம், தமிழ்ப்பள்ளி, மாரியம்மன் கோயில், கள்ளுக்கடை எல்லாம் நடக்கிற தூரத்தில் இருந்தன. தோட்டம் போனபோது ஆட்கள் தாமான்களுக்கும் அடுக்குமாடிகளுக்கும் சிதறினார்கள். இன்று ஒரு தமிழ்க் குடும்பம் வழியில் பத்து சபைகளைத் தாண்டிக் காரை ஓட்டிக்கொண்டு தமிழ் ஆராதனைக்கு வருகிறது என்றால், அது சுகமான இடத்தைத் தேடி வருவதாக நான் நினைக்கவில்லை. ஊர் கைவிட்டுப் போனவனுக்கு மொழிதான் ஊர். தமிழ் ஆராதனை அவனுடைய ‘இடம்’.

நியூபிகின் தமிழ் கற்றுத் தமிழில் பிரசங்கம் செய்தவர். கிராமத்து மனிதர்களை ஆங்கிலம் கற்றுக்கொண்டு வாருங்கள் என்று சொன்னவரில்லை. இருந்தும் அவர் நூலில் மொழி தனியாக நின்று அலசப்படும் கேள்வியாக ஆகவில்லை. இத்தனைக்கும் ஆவியின் கூட்டம் என்று ஒரு முழு அத்தியாயம் இருக்கிறது. அப்போஸ்தலர் நடபடிகள் இரண்டாம் அதிகாரத்தில் திருச்சபை பிறக்கிற அன்று நடப்பது என்ன? கூடியிருந்த ஒவ்வொருவனும் அவனவன் மொழியில் கேட்கிறான். ஒற்றுமைக்காக யாரும் தன் மொழியை விட்டுக்கொடுக்கவில்லை. நியூபிகினின் மறு அபிஷேகம் இல்லாத ஒற்றுமைக்கு இதைவிடப் பொருத்தமான சாட்சி கிடைக்காது.

எங்கள் சபையில் காலை எட்டரைக்கு ஆங்கிலம், பத்தரைக்குத் தமிழ். நடுவில் பசியாறல். போன ஆண்டு இரண்டையும் இணைக்கலாம் என்று ஒரு யோசனை வந்தது. காரணங்கள் எல்லாம் நல்ல காரணங்கள். பிள்ளைகளுக்குத் தமிழ்ப் பிரசங்கம் புரிவதில்லை, போதகர்கள் போதவில்லை, நாம் எல்லாரும் ஒரே குடும்பம். புரியாதவர்களுக்குக் காதில் மாட்டும் கருவியில் மொழிபெயர்ப்பு தருவார்களாம். கூட்டத்தில் ஒரு பாட்டி எழுந்து கேட்டார்:

“ஒண்ணா சேர்றதுன்னா நாங்க அங்க வரணும். அவங்க இங்க வரமாட்டாங்க. அதானே தம்பி?”

செயற்குழுவில் இருந்த அண்ணன் ஒருவர் “அப்படி இல்ல பாட்டி” என்று தொடங்கினார். வாக்கியத்தை முடிக்கவில்லை. பாட்டிக்கு எலியட்டையும் தெரியாது, நியூபிகினையும் தெரியாது. ஆனால் 28 ஆண்டுகள் தென்னிந்தியாவில் பேசித் தீர்த்த கேள்வியை இரண்டு வாக்கியத்தில் வைத்துவிட்டார். எந்த இணைப்பிலும் கேட்க வேண்டியது அதுதான்: மறு அபிஷேகம் யாருக்கு? ஒரு தரப்பு மட்டும் தன்னை மாற்றிக்கொண்டு வந்தால் அது இணைப்பு ஆகாது, விழுங்குதல். அப்போது எலியட்டின் தலைப்பே பொருந்திவிடும்.

இதைச் சொல்வதால் தமிழ் ஆராதனை இப்படியே தனியாக இருக்கட்டும் என்பதில்லை. நியூபிகின் மெக்காவ்ரனிடம் கேட்ட கேள்வி நம்மிடமும் பாக்கி இருக்கிறது. தமிழ் என்ற வேலிக்குள் நாம் மட்டும் பாடிக்கொண்டிருந்தால், எட்டரை மணி ஆராதனைக்கு வரும் சீனரும் சபா சரவாக்கிலிருந்து வேலைக்கு வந்தவரும் நமக்கு யார்? கார் நிறுத்த இடம் தேடும்போது மட்டும் பார்த்துக்கொள்ளும் ஆட்களா? பிரிந்திருப்பதற்கு நம்மிடம் நல்ல காரணம் இருக்கலாம். பிரிந்திருப்பது நல்லது என்று அதற்கு அர்த்தம் ஆகாது.

உலை வைக்கும் இடம்

நியூபிகின் மேல் இன்னொரு கேள்வி உண்டு, மொழியைவிடப் பழையது. அவருடைய நூலின் கட்டமைப்பு முழுவதும் ஐரோப்பாவில் பிறந்து கப்பலேறி வந்த பிரிவுகளைச் சுற்றியது. நம் மண்ணிலேயே விளைந்த பிரிவு சாதி. திருநெல்வேலிப் பக்கம் வடக்கன்குளத்தில், சாதிக்காரர்கள் ஒருவரையொருவர் பார்க்காமல் வழிபட ஆலயத்துக்குள்ளேயே சுவர் எழுப்பியிருந்தார்கள். 1910-இல் அதை இடித்தபோது விவகாரம் நீதிமன்றம் வரை போனது. மெதடிஸ்டுக்கும் ஆங்கிலிக்கனுக்கும் நடுவில் இருந்த சுவரைவிட இது கனமான சுவர். மதுரைப் பேராயருக்கு இது தெரியாமல் இருந்திருக்க முடியாது. அவர் நாட்குறிப்பாக வெளிவந்த ‘சவுத் இந்தியா டயரி’ (1951) கிராமத்துச் சபைகளை அருகில் இருந்து காட்டும் நூல். ஆனால் திருச்சபையின் இயல்பு பற்றிக் கோட்பாடு எழுதும்போது சாதி அதன் தூண்களில் ஒன்றாக வரவில்லை.

அந்தத் தூணை நட்டவர்களில் ஒருவர் மதுரை அரசரடியில் உள்ள தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் பாடம் நடத்திய தியோபிலஸ் அப்பாவு. மக்கள் அவரை ‘பரட்டை’ என்று அறிவார்கள். 2005-இல் மறைந்தார். வழிபாட்டு முறையை நாட்டுப்புற மெட்டில் அமைத்தார். சாவுக்கு அடிப்பது என்று ஒதுக்கப்பட்ட பறையை ஆராதனைக்குள் கொண்டுவந்தார். அவருடைய மையக் கருத்து ‘ஒரு ஒல’. ஒரே உலையில் பொங்கி எல்லாரும் பகிர்ந்து உண்பது. சாதி எங்கே வாழ்கிறது? யாரோடு உண்பது, யார் கையால் வாங்கி உண்பது என்பதில் வாழ்கிறது. அதனால் திருவிருந்தின் அர்த்தம் பீடத்தில் முடியாமல், சமைக்கும் பானைவரை போக வேண்டும் என்றார் பரட்டை.

நியூபிகினையும் பரட்டையையும் அடுத்தடுத்து வைத்து வாசித்தால் ஒருவர் விட்ட இடத்தை மற்றவர் தொடுவது தெரிகிறது. திருச்சபை கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்றார் நியூபிகின். எதில் தெரியும் என்றால் சோற்றில் தெரியும் என்கிறார் பரட்டை. இருவரும் ஒரே மாவட்டத்து மண்ணில் நடந்தவர்கள். ஒருவர் பேராயராக மேலிருந்து வந்தார், இன்னொருவர் தலித் வாழ்க்கைக்குள்ளிருந்து பேசினார். கோணம் மாறியபோது கண்ணில் பட்ட சுவரும் மாறியது.

சாதி எல்லாம் தமிழ்நாட்டுக் கதை, இங்கே கிடையாது என்று மலேசியாவில் நாம் சொல்லிக்கொள்வோம். கல்யாணப் பேச்சு வரும்போது மட்டும் அது எங்கிருந்தோ எழுந்து வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்துவிடும். சபைக்குள்ளும்தான். பரட்டையின் அளவுகோல் நமக்கும் காலாவதியாகவில்லை.

மிச்சம் இருப்பது

தென்னிந்தியத் திருச்சபையின் பிற்கால வரலாற்றில் தேர்தல் சண்டைகளும் சொத்து வழக்குகளும் நிறையவே உண்டு. நியூபிகின் 1965 முதல் 1974 வரை சென்னைப் பேராயராக இருந்து, பிறகு இங்கிலாந்து திரும்பி, 1998-இல் மறைந்தார். இணைப்புக்குப் பின் என்ன ஆனது என்று காட்டி அவர் நூலை நிராகரிப்பவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. திருச்சபை தன் தகுதியால் நிற்கவில்லை என்று தொடக்கத்திலேயே சொன்னவர் அவர். இணைந்த பிறகும் ஆட்கள் ஆட்களாகவே இருந்தார்கள் என்பது அவர் வரைபடத்துக்குள் வரக்கூடிய செய்திதான்.

எழுபது ஆண்டுகள் கழித்தும் அந்த நூல் தருவது ஒரு சோதனைமுறையை. சபையோ, சங்கமோ, இலக்கியக் கூட்டமோ, ஒற்றுமை என்று யார் பேசினாலும் இரண்டு கேள்விகள் போதும். இதில் யாராவது, தான் நேற்றுவரை இருந்தது பொய் என்று ஒப்புக்கொண்டுதான் உள்ளே வர வேண்டுமா? எல்லாரும் எதையாவது கொடுக்கிறார்களா, ஒருவர் மட்டும் கொடுக்கிறாரா? முதல் கேள்விக்கு ஆமாம் என்றால் அது ஒற்றுமை இல்லை. இரண்டாவதற்கு ஒருவர் மட்டும்தான் என்றாலும் இல்லை. பரட்டையிடமிருந்து மூன்றாவதையும் சேர்த்துக்கொள்ளலாம்: உலை எங்கே வைக்கிறீர்கள், யார் கிளறுகிறார்கள்?

எங்கள் சபையின் இணைப்பு யோசனை இன்னும் முடிவாகவில்லை. அடுத்த கூட்டத்தில் எட்டரை மணிக்காரர்களிடம் நான் வைக்கப்போகும் கோரிக்கை சின்னது. மாதத்தில் ஒரு ஞாயிறு, காதுக் கருவியை அவர்கள் மாட்டிக்கொள்ளட்டும்.